வரைந்தவர் பெயர் இல்லாத படங்கள்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு விழாவையொட்டி நார்த்தாமலையில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



இவ்வூர் மேலைமலையில் ஏறி விசயாலய சோழீச்சுரத்தைக் காண்போர் அங்கு வாயிற்காவலர் சிற்பத்தின் அடியில் ஒரு கல்வெட்டைக் காண்பர். சாத்தன் பூதி என்னும் இளங்கோவதியரையன் அக்கற்றளியை எடுப்பித்தான் என்றும், மழையால் அது சிதைந்தபோது மல்லன் விடுமன் என்பான் புதுப்பித்தான் என்றும் அக்கல்வெட்டு கூறுகின்றது. கட்டியவன் பெயரும் தெரிகிறது, பழுது பார்த்தவன் பெயரும் தெரிகிறது. அதே கோயிலின் உட்சுவரில் பிற்காலத்தார் தீட்டிய ஓவியங்களின் மங்கிய தடங்கள் உள்ளன. அவற்றைத் தீட்டிய கைக்குப் பெயர் இல்லை. அண்மையிலுள்ள சித்தன்னவாசலில், குடைவரையைப் புதுப்பித்த மதுரை ஆசிரியன் இளங்கௌதமனின் பெயர் பாட்டாகவே கல்லில் வெட்டப்பட்டுள்ளது. அத்தகைய பேறு எல்லாக் கலைஞர்க்கும் வாய்ப்பதில்லை.

கோட்டுக் கலைஞன் பெயரிழந்து போவது பழங்காலத்தோடு முடிந்த கதை என்று கருதிவிட வேண்டா. அச்சுப்பொறி வந்து, இதழ் வந்து, விடுதலைப் போராட்டமும் வந்துவிட்ட இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே தமிழில் அது மீண்டும் நிகழ்ந்தது. பாரதியாரின் 'இந்தியா' இதழில் வெளிவந்த கருத்துப்படங்களைப் பற்றியே இவ்வுரை. அரசின் கண்ணுக்குத் தப்பி நடந்த இதழ் ஒன்றில், அரசையே எள்ளிப் படம் வரைந்த ஒருவன் அல்லது சிலர் இருந்தனர். அவர்களது பணி ஏறத்தாழ நான்காண்டுகள் தொடர்ந்தது. அவர்களது வாழ்க்கையைத் தமிழ் இலக்கிய வரலாறுகள் ஒரு வரியிலும் சொல்வதில்லை.

1906ஆம் ஆண்டு மே மாதம் சென்னையில் 'இந்தியா' வார இதழ் தொடங்கப்பெற்றது. மண்டயம் திருமலாச்சாரியார் பொருள் வழங்கினார். எழுத்துப் பொறுப்பு பாரதியாருடையது. சிவப்பு நிறத் தாளில் அவ்விதழ் அச்சாயிற்று என்பர். முகப்புப் பக்கத்தில் ஒரு கருத்துப்படம். தமிழ் இதழ்களில் அரசியல் கருத்துப்படத்தை முறையாகவும் தொடர்ச்சியாகவும் வெளியிட்ட முன்னோடி 'இந்தியா'வே என்று இதழியல் ஆய்வாளர் குறிப்பிடுவர். இலண்டனில் 1841இல் தோன்றிய 'பஞ்ச்' இதழின் வழியில் இலக்னோவில் 1877இல் 'அவத் பஞ்ச்' வந்தது. பம்பாயில் 'இந்தி பஞ்ச்' வந்தது. வடபுலத்தார் இக்கலையை முன்னரே அறிந்திருந்தனர். பாரதியார் அதனைத் தமிழுக்குக் கொணர்ந்தபோது, பிறர் பெற்றிராத ஒரு நோக்கம் அவருக்கு இருந்தது. அன்றைய சென்னை மாகாணத்தில் நூற்றுக்குப் பத்துப் பேர்கூட எழுத்தறிந்தவர் அல்லர். ஒருவர் படிக்கப் பலர் கேட்பதே இதழ் பரவிய முறை. படிப்பவர் இல்லாத வேளையிலும் திண்ணையில் கிடக்கும் தாள் தானே பேச வேண்டுமாயின், அதில் படம் இருந்தாக வேண்டும்.

இங்கே அச்சுத்தொழில் பற்றி ஒரு சொல். நிழலும் ஒளியும் கலந்த ஓவியத்தையோ புகைப்படத்தையோ அச்சிட நுண்புள்ளிகளாகப் பிரித்த பிளாக் வேண்டும். நல்ல தாளும் வேண்டும். கோட்டோவியத்திற்கு இவையெல்லாம் வேண்டுவதில்லை. கோடு மேடாகவும் வெறுவெளி பள்ளமாகவும் அமைந்த பிளாக் ஒன்றை ஈய எழுத்துகளோடு சேர்த்து முடுக்கிவிட்டால், எத்தகைய மட்டமான தாளிலும் அது பதியும். ஏழை இதழின் கலை கோட்டோவியமே ஆனதற்குக் காரணம் இதுதான். உலகெங்கும் மறைவிதழ்களில் கருப்புக் கோடு ஆட்சி செய்வதற்கும் அழகுணர்ச்சியைவிடக் கைப்பணக் குறைவே முதற்காரணமாக இருந்திருக்கிறது. குறையையே நடையாக்கிக் கொண்டதில்தான் அக்கலைஞர்களின் திறம் வெளிப்பட்டது.

பாரதியார் ஓவியர் அல்லர். படத்தின் கருத்தும் அதனோடு வெளியான விளக்கமும் அவருடையவை, கோடு மற்றொருவருடையது. பஞ்சத்தில் மக்கள் வாட, தானியம் கப்பலேறிப் போவது, வ.உ.சி.யின் சுதேசிக் கப்பல். காங்கிரசில் மிதவாதிகளுக்கும் தீவிரவாதிகளுக்கும் நேர்ந்த பிணக்கு. இந்திய அமைச்சர் மார்லி அளிக்க முன்வந்த சீர்திருத்தம் ஆகியனவே அப்படங்கள் சுற்றிச் சுழன்ற பொருள்கள். இவை செய்திகள். செய்தியைப் படமாக்கும்போது புராணக் கதையும் விலங்குக் கதையும் பழமொழியும் கைகொடுத்தன. தெருக்கூத்தில் அரசன் கொலுவீற்றிருக்கையில் கட்டியங்காரன் அவனை எள்ளுவதைக் கண்டு பழகியவர்கள் நம் மக்கள். தோற்பாவைக் கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் எவரையும் விட்டுவைப்பதில்லை. எழுத்தறியாத அம்மக்களுக்கு மார்லி யாரென்று தெரிய வேண்டுவதில்லை. கதையில் வரும் சூழ்ச்சிக்காரனைத் தெரிந்தால் போதும். இந்த மாற்றத்தைச் செய்வது எளிதன்று. கருத்தைச் சொல்பவர் 'இன்னாரை இன்ன விலங்காகக் காட்டுக' எனச் சொல்லிவிடலாம். அவ்விலங்கின் கண்ணில் அம்மனிதனின் பார்வையைக் கொண்டுவர வேண்டியவன் வரைபவனே. அவன் கைத்திறன் தவறினால் விளக்கம் எத்துணை நீண்டதாயினும் படம் எழாது. 'இந்தியா'வின் படங்கள் எல்லாம் ஒரே தரத்தவை என்று சொல்வதற்கில்லை. சில படங்களில் உருவங்கள் விறைத்து நிற்கின்றன. கருத்து மிகுந்து கோடு தளர்ந்த இடங்களும் உண்டு. விளக்கத்தை மறைத்துவிட்டுப் பார்த்தாலும் தாமே பேசும் படங்களும் உள்ளன என்பதே கருதத்தக்கது.

இப்படங்களைக் கூர்ந்து நோக்கிய முதல் வாசகர்களுள் அரசாங்க மொழிபெயர்ப்பாளர் ஒருவரும் அடங்குவார் என்பது சுவையான செய்தி. மாகாணத்து நாட்டுமொழி இதழ்களில் என்ன வருகிறது என்பதை ஆங்கிலத்தில் சுருக்கி வாரந்தோறும் மேலிடத்திற்கு அனுப்பும் வழக்கம் அன்று இருந்தது. கட்டுரையானால் மொழிபெயர்த்துவிடலாம். கருத்துப்படத்தை என்ன செய்வது? நடுவில் இன்ன உருவம், அதன் காலடியில் இன்னது என்று படத்தைச் சொற்களில் வருணிக்க வேண்டியிருந்தது. தமிழ்க் கருத்துப்படத்திற்கு எழுதப்பெற்ற தொடக்ககால 'உரை' காவல் நோக்கில் எழுந்த இந்த உரைதான். புலவர்கள் அதன்பக்கம் திரும்ப இன்னும் பல்லாண்டுகள் ஆக வேண்டியிருந்தது.

சட்டமும் புலவரைக் காட்டிலும் கூர்மையாக இருந்தது. இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 1870இல் சேர்க்கப்பெற்ற 124அ பிரிவு, அரசின்மீது வெறுப்பூட்டும் குற்றம் பேச்சாலும் எழுத்தாலும் மட்டுமின்றிச் சைகையாலும் கண்ணுக்குப் புலனாகும் உருவத்தாலும் நிகழக்கூடும் என்று வகுத்திருந்தது. படமும் ஒரு பேச்சே என்பதை இலக்கிய வரலாறு ஒப்புக்கொள்வதற்கு முன்னரே அரசு ஒப்புக்கொண்டுவிட்டது. ஆயினும் 1867ஆம் ஆண்டு அச்சகச் சட்டம் கேட்டவை அச்சிடுபவர் பெயரும் வெளியிடுபவர் பெயருமே. வரைபவன் பெயரைக் கேட்கவில்லை. படம் குற்றமாகலாம்; வரைந்தவன் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. இவ்விரு சட்டங்களுக்கும் இடைப்பட்ட வெளியில்தான் 'இந்தியா'வின் ஓவியன் வாழ்ந்தான். அவனைக் காத்ததும் அவ்வெளிதான், அவனை மறக்கச் செய்ததும் அதுவேதான்.

பெயர் பதிவானவருக்கு நேர்ந்ததையும் பார்க்க வேண்டும். 1908ஆம் ஆண்டு அடக்குமுறை முற்றியது. சூலையில் வ.உ.சி.க்கும் சுப்பிரமணிய சிவாவுக்கும் கொடுந்தண்டனை விதிக்கப்பெற்றது. 'இந்தியா'வில் வந்த எழுத்துகளுக்காக, பதிவேட்டின்படி இதழுக்குப் பொறுப்பேற்றிருந்த மு. சீனிவாசன் கைது செய்யப்பெற்று ஐந்தாண்டுத் தண்டனை பெற்றார். எழுதியவர் பாரதியார் என்பதை அறியாதவர் இலர். நண்பர்கள் வற்புறுத்தப் பாரதியார் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரிக்குச் சென்றார். பின்னர் இதழும் அங்குச் சென்றது. சீனிவாசனின் பெயரை இன்று பாரதி ஆய்வாளர் அன்றிப் பிறர் எத்துணைப் பேர் அறிவர்? பெயரைக் கொடுத்தவர் சிறைக்குச் சென்றும் மறக்கப்பட்டார். பெயரைக் கொடாதவன் வெளியே இருந்தும் மறக்கப்பட்டான். இவ்விருவரின் முதுகின்மீதே அவ்விதழ் நின்றது என்று சொல்வது பாரதியாரின் பெருமையைக் குறைப்பதாகாது.

புதுச்சேரியில் 1908 அக்டோபர் முதல் 1910 மார்ச்சு வரை 'இந்தியா' வெளிவந்தது. படங்களும் தொடர்ந்தன. பொருளில் இதனை மறைவிதழ் என்றே கொள்ள வேண்டும். அச்சாகும் இடத்தில் அது குற்றமன்று. படிக்கும் இடத்தில் அது குற்றத்தின் விளிம்பில் நின்றது. எல்லை கடந்து வரும் பிரதிகளை அஞ்சலிலேயே மறித்துவிட ஆங்கில அரசு முனைந்தது. 1910 பிப்ரவரியில் புதிய அச்சகச் சட்டம் வந்தது. வாசகர் கையை எட்டாத இதழ் எத்தனை நாள் நடக்கும்? அடுத்த மாதமே நின்றுபோயிற்று.

இதனோடு ஒப்பிட்டுக் காணத்தக்க ஒன்று எழுபதாண்டுகளுக்குப் பின் கடல்கடந்த நாட்டில் நிகழ்ந்தது. ஒப்பீடு விந்தையாகத் தோன்றலாம். 1970களின் நடுவில் நியூயார்க்கிலும் இலண்டனிலும் வேலையற்ற இளைஞரிடையே 'பங்க்' என்னும் இசை தோன்றியது. 'உருப்படாதவன்' என்பது அச்சொல்லின் பொருள்களுள் ஒன்று. பெரியோர் இழிவாகச் சொன்ன சொல்லைப் பிள்ளைகள் பட்டமாகச் சூடிக்கொண்டனர். இசைப் பயிற்சி வேண்டா, பெரிய நிறுவனத்தின் தயவும் வேண்டா, மூன்று சுரக்கட்டு தெரிந்தால் மேடையேறலாம் என்பது அவர்களது துணிபு. அந்தப் பெயரை அவ்விசைக்கு நிலைக்கச் செய்ததில் 'பங்க்' என்றே பெயரிய ஒரு சிற்றிதழுக்குப் பெரும்பங்கு உண்டு. 1976 சனவரியில் நியூயார்க்கில் அதனைத் தொடங்கியவர்களுள் முதன்மையானவர் ஜான் ஹோம்ஸ்ட்ராம். அவர் பாடகர் அல்லர், கருத்துப்பட ஓவியர். 'மேட்' இதழைத் தோற்றுவித்த ஹார்வி குர்ட்சுமனிடமும், சித்திரக்கதை வல்லுநர் வில் ஐஸ்னரிடமும் பயின்றவர்.

அவ்விதழின் முதல் அட்டையில் லூ ரீட் என்னும் பாடகரின் கேலிச்சித்திரம். உள்ளே நேர்காணல்கள் அச்செழுத்தில் இல்லை. ஓவியரின் கையெழுத்திலேயே வரைந்து எழுதப்பட்டவை. எழுத்துக் கோப்பதற்குப் பணமில்லாதவர் கை அச்சாளர் வேலையையும் செய்தது. இதனால் ஒரு விளைவு நேர்ந்தது. படம் எங்கு முடிகிறது, சொல் எங்குத் தொடங்குகிறது என்பது பிரிக்க முடியாததாயிற்று. 'ரமோன்ஸ்' குழுவின் 1978ஆம் ஆண்டு இசைத்தட்டு உறையை வரைந்தவரும் அவரே. 1979இல் இதழ் நின்றது. அதே காலத்தில் இலண்டனில் மார்க் பெர்ரி என்னும் இளைஞர் 'ஸ்னிஃபிங் குளூ' என்ற இதழைத் தட்டச்சிலும் கையெழுத்திலும் ஆக்கிப் படியெடுத்து விற்றார். கலிபோர்னியாவில் ரேமண்ட் பெட்டிபான் மைக்கோட்டுப் படங்களைச் சிறு சுவடிகளாக்கி வெளியிட்டார். 'பிளாக் ஃபிளாக்' குழுவின் நான்கு கருப்புப் பட்டைச் சின்னம் அவர் வரைந்தது. அவருடைய படங்கள் பின்னாளில் பெரிய அருங்காட்சியகச் சுவர்களில் ஏறின.

இரண்டையும் ஒரு தட்டில் வைப்பது தகாது. நியூயார்க்கு இளைஞர் எதிர்கொண்டது பெரும்பாலும் வணிகப் புறக்கணிப்பு. 'இந்தியா'வினர் எதிர்கொண்டது சிறைக்கதவு. வணிக உலகம் புறக்கணிக்கும்போது கலைஞன் தன் பெயரை உரக்கக் கூவலாம். கூவினால்தான் பிழைப்பான். அரசு தேடும்போது அவ்வாறு கூவ இயலாது. ஹோம்ஸ்ட்ராம் தம் கையெழுத்தையே இதழாக்கினார். நம்மவன் தன் கையெழுத்தையே மறைத்துக்கொண்டான். ஆயினும் இருவரிடத்தும் பொதுவான ஒன்று உண்டு. உரிமம் பெற்ற இதழ் தராத இடத்தைத் தாமே உண்டாக்கிக்கொண்டு, மலிந்த தாளில், கருங்கோட்டில், மேலோர் மதிக்கும் உருவங்களைச் சிரிப்புக்கிடமாக்கினர்.

அச்சம் ஒன்றே பெயர் மறைந்ததற்குக் காரணமா என்பதும் ஆராய்தற்குரியது. பிரான்சில் ஒனோரே தோமியே, அரசன் லூயி பிலிப்பை மக்களின் காசை விழுங்கும் அரக்கனாக வரைந்தமைக்காக 1832இல் ஆறு மாதச் சிறை பெற்றார். சிறையே அவர் பெயரை உலகறியச் செய்தது. நம் நாட்டில் ஆபத்து நீங்கிய பின்னரும் அப்பெயரைத் தேடியெடுக்க எவரும் விரையவில்லை. 1947இல் ஆட்சி மாறியது. 'இந்தியா'வில் எழுதியவர்களைப் பற்றி நினைவுகளும் வரலாறுகளும் எழுந்தன. 1970களில் இளசை மணியன் 'பாரதி தரிசனம்' என அவ்விதழின் எழுத்துகளைத் தொகுத்தளித்தார். அது அரும்பணி, அதில் ஐயமில்லை. கருத்துப்படங்கள் தனிநூலாகத் தொகுப்புறுவதற்கு 1994 வரை காத்திருக்க நேர்ந்தது. ஆ. இரா. வேங்கடாசலபதி அப்பணியைச் செய்தார். எழுத்துக்கும் படத்துக்கும் இடையே கிடந்த இந்த இடைவெளிக்கு எந்த அரசும் பொறுப்பன்று. சொல்லை இலக்கியமாகவும் கோட்டை அணியாகவும் கருதும் புலமை மரபே பொறுப்பு. தமிழ்த்துறைகளில் பாரதியின் உவமையை ஆய்ந்தோர் பலர். அவ்வுவமையைக் கண்ணுக்குக் காட்டியவனைத் தேடியோர் மிகச் சிலர்.

பிற்காலத்தில் நிலைமை சற்று மாறியது என்பதையும் சொல்ல வேண்டும். 1930களில் 'ஆனந்த விகட'னில் மாலியின் பெயர் எழுத்தாளர் பெயருக்கு இணையாக விளங்கியது. அவர் வழியில் கோபுலு வந்தார். சிற்றிதழ்களின் காலத்தில், 'நடை', 'கசடதபற' போன்ற இதழ்களில் ஆதிமூலம் முதலிய ஓவியர்கள் கவிஞர்களோடு தோளொத்து நின்றனர். சில நூறு படிகளே அச்சான அவ்விதழ்களில் கோடு எழுத்துக்கு ஏவல் செய்யவில்லை; தனக்கென ஒரு பக்கத்தைக் கேட்டு வாங்கியது. கீராம்பூரில் 1938இல் பிறந்து 2008இல் மறைந்த ஆதிமூலத்தின் பெயரைத் தவிர்த்துத் தமிழ்ச் சிற்றிதழ் வரலாற்றை எழுத இயலாது.

பொறுப்பை ஏற்பவர் யார் என்ற பழைய வினா மட்டும் விடவில்லை. 1987இல் 'ஆனந்த விகடன்' அட்டையில், சட்டமன்ற உறுப்பினரையும் அமைச்சரையும் எள்ளும் நகைச்சுவைப் படம் ஒன்று வந்தது. மன்னிப்புக் கேட்க மறுத்த ஆசிரியர் எஸ். பாலசுப்பிரமணியனுக்குத் தமிழ்நாடு சட்டமன்றம் மூன்று மாதக் கடுங்காவல் விதித்தது. எங்கும் எதிர்ப்பு எழவே சில நாள்களில் விடுதலை செய்யப்பெற்றார். சென்னை உயர்நீதிமன்றம் 1994இல் அவருக்கு ஆயிரம் ரூபாய் இழப்பீடு வழங்கச் செய்தது. அங்கே பெயர் கொடுத்தவர் ஆசிரியர். மும்பையில் 2012ஆம் ஆண்டு அசீம் திரிவேதி என்னும் ஓவியர் தம் படங்களுக்காக அதே 124அ பிரிவின்கீழ்க் கைதானார். பின்னர் அக்குற்றச்சாட்டைக் கைவிட்டனர். 2017இல், நெல்லை ஆட்சியர் அலுவலக வளாகத்தில் கந்துவட்டிக் கொடுமையால் ஒரு குடும்பமே தீக்குளித்த துயரத்தைப் படமாக வரைந்தமைக்காக ஓவியர் பாலா கைது செய்யப்பெற்று மறுநாள் பிணையில் வந்தார். இவ்விருவரும் தம் பெயரிட்டே படங்களை வெளியிட்டவர்கள். ஆசிரியரின் பின்னே மறைய அவர்களுக்கு ஓர் இதழ் அலுவலகம் இல்லை. தாமே ஓவியர், தாமே வெளியீட்டாளர். 2024 சூலையில் பழைய தண்டனைச் சட்டம் நீங்கிப் புதிய சட்டம் வந்தது. கண்ணுக்குப் புலனாகும் உருவம் குறித்த சொற்கள் அதன் 152ஆம் பிரிவில் தொடர்கின்றன.

'இந்தியா'வின் ஓவியனுக்குத் திரும்புவோம். அவன் ஒருவனா பலரா, கூலிக்கு வரைந்தானா கொள்கைக்கு வரைந்தானா என்னும் வினாக்களுக்கு விடை சொல்ல வேண்டிய சான்று அவன் கோடுகளே. ஒரே கை மீண்டும் மீண்டும் வரும்போது விரல்களை வளைக்கும் முறையிலும், துணியின் மடிப்பை இழுக்கும் முறையிலும் அது தன்னைக் காட்டிக்கொடுக்கும். கல்வெட்டு எழுத்தின் வடிவைக் கொண்டு காலத்தைக் கணிக்கும் புதுக்கோட்டை மண்ணின் ஆய்வாளர்க்கு இம்முறை புதிதன்று. 1906 முதல் 1910 வரையிலான படங்களை வரிசைப்படுத்தி, கைகளைப் பிரித்து, சென்னைப் படங்களையும் புதுச்சேரிப் படங்களையும் ஒப்பிட்டு ஓர் ஆய்வேடு எழுத இடமுண்டு. கவிதையின் சொல்லடைவுக்குச் செலவிடும் உழைப்பில் பாதி போதும்.

பாரதியார் இக்குறையை ஓரளவு உணர்ந்திருந்தார் போலும். தமிழிலும் ஆங்கிலத்திலுமாகக் கருத்துப்படங்களுக்கென்றே 'சித்திராவளி' என்ற பெயரில் தனி இதழ் ஒன்று நடத்த அவர் திட்டமிட்டார். படம் முன்னும் சொல் பின்னுமாக நடந்திருக்கக்கூடிய அவ்விதழ் வெளிவரவே இல்லை.